மறுமதிப்பீட்டு முடிவு தாமதமா? நீதிமன்றம் எங்கே கைகொடுக்கும்?

செமஸ்டர் ரிசல்ட் வந்துவிட்டது. ஐந்து பாடத்தில் நான்கு பாஸ், ஒன்றில் மட்டும் இரண்டு மதிப்பெண்ணில் அரியர். "இவ்வளவு மோசமா எழுதலையே" என்று மறுமதிப்பீட்டுக்குப் பணம் கட்டிவிட்டீர்கள். ஒரு மாதம் போகிறது, இரண்டு மாதம் போகிறது, இணையதளத்தில் 'பரிசீலனையில் உள்ளது' என்ற அதே வரி. இதற்கிடையில் முதுகலைச் சேர்க்கைக்குக் கடைசி நாள் நெருங்குகிறது. வேலைக்கு எடுத்த நிறுவனம் "டிகிரி சர்ட்டிபிகேட் எப்ப தருவீங்க?" என்று கேட்கிறது. அரியர் தேர்வுக்குக் கட்டணம் கட்டச் சொல்லியும் அறிவிப்பு வந்துவிட்டது.

இந்த நேரத்தில் வகுப்பு வாட்ஸ்அப் குழுவில் ஒரு கேள்வி கட்டாயம் வரும்: "கோர்ட்டுக்குப் போலாமா?"

போகலாம். ஆனால் எதைக் கேட்டுப் போகிறீர்கள் என்பதில்தான் எல்லாம் இருக்கிறது. "எனக்கு மார்க் குறைவாகப் போட்டுவிட்டார்கள்" என்பது ஒரு வழக்கு. "எனக்குத் தர வேண்டிய முடிவை இன்னும் தரவில்லை" என்பது வேறு வழக்கு. இரண்டும் கேட்க ஒன்று போலத் தெரியும். நீதிமன்றமோ இரண்டையும் தனித்தனியாகவே பார்க்கும். முதல் வழக்கில் மாணவருக்கு வாய்ப்பு மிகக் குறைவு. இரண்டாவதில் வாய்ப்பு உண்டு, அதற்குக் கையில் தேதிகளும் தாள்களும் இருக்க வேண்டும். அந்தத் தேதிகளையும் தாள்களையும் எப்படிச் சேர்ப்பது என்பதுதான் இந்த மாதப் பாடம்.

முதலில் மூன்று சொற்கள்

மறுகூட்டல் என்றால், ஏற்கெனவே போட்ட மதிப்பெண்களைத் திரும்பக் கூட்டிப் பார்ப்பது. ஏதாவது ஒரு விடைக்கு மதிப்பெண் போடாமல் விட்டிருக்கிறதா என்றும் பார்ப்பார்கள். விடையை யாரும் புதிதாகப் படிக்க மாட்டார்கள்.

விடைத்தாள் நகல் என்றால், நீங்கள் எழுதி, திருத்தி முடித்த தாளின் பிரதி. எங்கே மதிப்பெண் போயிருக்கிறது என்று பாட ஆசிரியரிடம் காட்டிக் கேட்க இது உதவும். சில பல்கலைக்கழகங்களில் நகல் வாங்கியவர்கள் மட்டுமே மறுமதிப்பீட்டுக்கு விண்ணப்பிக்க முடியும்.

மறுமதிப்பீடு என்றால், வேறொரு மதிப்பீட்டாளர் உங்கள் தாளை முதலிலிருந்து திருத்துவது.

மூன்றுக்கும் கட்டணம் வேறு, கடைசி நாள் வேறு. உங்கள் கல்லூரி தன்னாட்சிக் கல்லூரியா என்பதையும் பார்த்துக்கொள்ளுங்கள். தன்னாட்சிக் கல்லூரிகளில் தேர்வும் மறுமதிப்பீடும் பெரும்பாலும் கல்லூரியின் தேர்வுக் கட்டுப்பாட்டு அலுவலர் பொறுப்பில் இருக்கும். பல்கலைக்கழகத்துக்கு மனு அனுப்பிவிட்டுக் காத்திருந்தால் மூன்று வாரம் வீணாகிவிடும்.

நீதிமன்றம் செய்யாதது

நீதிபதி உங்கள் விடைத்தாளைத் திருத்த மாட்டார். உச்ச நீதிமன்றம் இதைப் பல தீர்ப்புகளில் சொல்லியிருக்கிறது.

1984-ல் மகாராஷ்டிர மாநிலக் கல்வி வாரியம் சம்பந்தப்பட்ட வழக்கு ஒன்று வந்தது. விதிகளில் மறுமதிப்பீட்டுக்கு இடம் இல்லை என்றால் அதை ஓர் உரிமையாகக் கேட்க முடியாது என்று அதில் தீர்ப்பானது. கல்வித்துறை வல்லுநர்கள் வகுத்த விதிகளில் நீதிமன்றம் எளிதில் கை வைக்கக் கூடாது என்பது அதன் அடிப்படை.

2017 டிசம்பரில் உத்தரப் பிரதேச ஆசிரியர் தேர்வு வழக்கில் உச்ச நீதிமன்றம் இந்த நிலையைத் தொகுத்துச் சொன்னது. விதியில் மறுமதிப்பீடு இருந்தால் தேர்வு அமைப்பு அதை அனுமதிக்கலாம். விதியில் இல்லை என்றால், தவறு நடந்திருப்பது எந்த ஊகமும் தேவையில்லாமல் பளிச்சென்று தெரிய வேண்டும். அப்போதும் அபூர்வமாகவே நீதிமன்றம் அனுமதிக்கும். விடைத்தாளை நீதிமன்றமே திருத்திப் பார்க்கக் கூடாது. சந்தேகம் எழுந்தால் அதன் பலன் தேர்வு அமைப்புக்கே போகும், தேர்வு எழுதியவருக்கு அல்ல.

ஆகவே "ஏழாவது கேள்விக்கு எனக்கு எட்டு மார்க் தந்திருக்கணும், அஞ்சுதான் தந்திருக்காங்க" என்று மனுப் போட்டால் அது நிற்பது கடினம்.

நீதிமன்றம் செய்வது

தாமதத்தில் கதை வேறு. பல்கலைக்கழகம் தன் விதிகளிலேயே மறுமதிப்பீடு என்ற வசதியை வைத்திருக்கிறது. உங்களிடம் கட்டணமும் வாங்கியிருக்கிறது. விதியிலோ அறிவிப்பிலோ கால அளவு சொல்லப்பட்டிருந்தால், அதற்குள் முடிக்க வேண்டிய கடமையும் சேர்ந்துகொள்கிறது. கால அளவு எங்கும் சொல்லப்படவில்லை என்றாலும், நியாயமான காலத்துக்குள் முடிக்க வேண்டும் என்று வாதிட இடம் இருக்கிறது. அடுத்த தேர்வே முடிந்த பிறகு வரும் மறுமதிப்பீட்டு முடிவால் யாருக்கு என்ன பயன்?

பொது அமைப்பு ஒன்று தன் சட்டக் கடமையைச் செய்யாமல் இருந்தால், "செய்" என்று உத்தரவிடும் அதிகாரம் உயர் நீதிமன்றத்துக்கு உண்டு. அரசமைப்புச் சட்டத்தின் 226-வது பிரிவு இந்த அதிகாரத்தைத் தருகிறது. இப்படிக் கேட்கும் மனுதான் ரிட் மனு. இதில் கேட்கும் உத்தரவு செயலுறுத்தும் நீதிப்பேராணை. வழக்கறிஞர்கள் 'மாண்டமஸ்' என்பார்கள்.

மதிப்பெண் எவ்வளவு என்று இந்த மனுவில் யாரும் நீதிபதியிடம் கேட்பதில்லை. பல்கலைக்கழகம் தானே ஒப்புக்கொண்ட வேலையை ஒரு தேதிக்குள் முடிக்கச் சொல்லித்தான் கேட்கிறார்கள். விடைத்தாளைத் திருத்த நீதிபதிக்குப் பாட அறிவு வேண்டும். தேதியைப் பார்க்க நாட்காட்டி போதும். மார்க் வழக்குக்கும் தாமத வழக்குக்கும் உள்ள வித்தியாசம் இவ்வளவுதான்.

மும்பையில் என்ன நடந்தது?

2017-ல் மும்பை பல்கலைக்கழகம் எல்லாப் பாடங்களின் விடைத்தாள்களையும் ஸ்கேன் செய்து கணினித் திரையில் திருத்தும் முறையை ஒரே நேரத்தில் கொண்டுவந்தது. தாள்களின் எண்ணிக்கை 17 லட்சத்தை ஒட்டி இருந்தது. தேர்வுக் காலம் நடந்துகொண்டிருக்கும்போதுதான் திருத்தும் ஏற்பாடே தொடங்கியது. ஆசிரியர்களுக்குப் புது முறை பழகவில்லை, ஸ்கேன் வேலையிலும் குளறுபடி.

மகாராஷ்டிரப் பொதுப் பல்கலைக்கழகங்கள் சட்டப்படி தேர்வு முடிவு 30 நாளில் வர வேண்டும், அதிகபட்சம் 45 நாள். வேந்தரான ஆளுநர் ஜூலை 31 என்று கெடு வைத்தார். அதுவும் தாண்டியது. மாணவர்கள் பம்பாய் உயர் நீதிமன்றத்தை நாடினார்கள். அதற்குப் பிறகு, எப்போது முடிப்போம் என்று பல்கலைக்கழகம் நீதிமன்றத்திடமே தேதி சொல்ல வேண்டி வந்தது. எல்லா முடிவுகளும் வெளிவரச் செப்டம்பர் ஆகிவிட்டது. அக்டோபர் 24 அன்று துணைவேந்தர் பதவி நீக்கப்பட்டார்.

கதை அங்கே முடியவில்லை. முடிவுகளில் திருப்தி இல்லாத பல்லாயிரம் பேர் மறுமதிப்பீட்டுக்கு விண்ணப்பித்தார்கள். அந்த முடிவும் தள்ளிப்போனது. அடுத்த செமஸ்டர் தேர்வு வந்தபோது, பழைய பாடத்தில் பாஸா ஃபெயிலா என்று தெரியாமலேயே பலர் படிக்க வேண்டியிருந்தது.

மும்பை மாணவர்களுக்குக் கையில் ஓர் ஆயுதம் இருந்தது: 45 நாள் என்று சட்டத்திலேயே எழுதப்பட்ட வரி. உங்கள் வேலையும் அங்கிருந்தே தொடங்க வேண்டும். உங்கள் பல்கலைக்கழகத்தின் தேர்வு விதிகள், மறுமதிப்பீட்டு அறிவிப்பு, கல்வி நாட்காட்டி ஆகியவற்றில் அப்படி ஒரு வரி இருக்கிறதா என்று தேடுங்கள். இருந்தால் அந்தப் பக்கத்தைப் பதிவிறக்கி வைத்துக்கொள்ளுங்கள்.

படி 1: தாள்களைச் சேருங்கள்

பணம் கட்டிய அன்றே இதைத் தொடங்கிவிடுங்கள். மொபைலில் தனி ஃபோல்டர் ஒன்று போதும். அதில் இருக்க வேண்டியவை:

• ரிசல்ட் பக்கம், வெளியான தேதியோடு
• மறுமதிப்பீட்டு அறிவிப்பு
• விண்ணப்பமும் விண்ணப்ப எண்ணும்
• கட்டண ரசீது, வங்கிப் பரிவர்த்தனை எண்
• 'பரிசீலனையில் உள்ளது' என்று காட்டும் பக்கத்தின் ஸ்கிரீன்ஷாட், வாரம் ஒன்று
• உங்களுக்கு வரப்போகும் இழப்பைக் காட்டும் தாள்: சேர்க்கை அறிவிப்பு, வேலை நியமனக் கடிதம், கல்வி உதவித்தொகை அறிவிப்பு

கடைசியில் உள்ளதைப் பலர் விட்டுவிடுகிறார்கள். அவசரம் என்று வாயால் சொல்வதை விட, "ஆகஸ்ட் 14-க்குள் சான்றிதழ் தராவிட்டால் இடம் ரத்து" என்று எழுதியிருக்கும் ஒரு கடிதத்துக்கு மதிப்பு அதிகம்.

ஸ்கிரீன்ஷாட் எடுக்கும்போது தேதியும் இணைய முகவரியும் தெரியும்படி எடுங்கள். எடுத்ததை உங்கள் மின்னஞ்சலுக்கே ஒரு தடவை அனுப்பி வெச்சுக்கோங்க. போன் தொலைந்தாலும் சான்று தொலையாது.

படி 2: எழுத்தில் கேளுங்கள்

போனில் பத்து முறை கேட்டதற்குச் சாட்சி கிடையாது. மாண்டமஸ் கேட்டு வருபவரிடம் நீதிமன்றம் பொதுவாகப் பார்ப்பது இது: அந்த அதிகாரியிடம் நீங்கள் முதலில் கேட்டீர்களா, அவர் மறுத்தாரா, அல்லது பதிலே சொல்லாமல் விட்டாரா? எனவே ஒரு பக்க மனு அவசியம். கீழே உள்ள மாதிரியை உங்கள் விவரங்களோடு பயன்படுத்தலாம்.

பெறுநர்: தேர்வுக் கட்டுப்பாட்டு அலுவலர்
வழி: கல்லூரி முதல்வர்
பொருள்: மறுமதிப்பீட்டு முடிவை வெளியிடக் கோருதல்

ஐயா / அம்மா,

நான் (படிப்பு, ஆண்டு, பதிவு எண்). (மாதம், ஆண்டு) தேர்வில் (பாடத்தின் பெயர், குறியீடு) விடைத்தாளை மறுமதிப்பீடு செய்யக் கோரி (தேதி) அன்று விண்ணப்பித்தேன். விண்ணப்ப எண் ____. கட்டணம் ரூ.____ செலுத்திய ரசீது இணைக்கப்பட்டுள்ளது.

தங்கள் (தேதி) நாளிட்ட அறிவிப்பின்படி முடிவு (தேதி)-க்குள் வந்திருக்க வேண்டும். இன்று வரை ____ நாட்கள் கடந்தும் வரவில்லை.

(தேதி) அன்றுக்குள் நான் (சேர்க்கை / பணி) சான்றிதழ் சமர்ப்பிக்க வேண்டும். தவறினால் இடத்தை இழப்பேன். ஆதாரம் இணைக்கப்பட்டுள்ளது.

எனவே என் மறுமதிப்பீட்டு முடிவை (தேதி)-க்குள் வெளியிடவும், இயலாது எனில் காரணத்தையும் வெளியாகும் தேதியையும் எழுத்து மூலம் தெரிவிக்கவும் வேண்டுகிறேன்.

மதிப்பெண் சரியில்லை, திருத்தியவர் சரியில்லை என்ற வரிகள் இந்த மனுவில் வேண்டாம். கோபம் நியாயமாகவே இருக்கட்டும், இந்தத் தாளில் தேதிகள் மட்டும் பேசட்டும். நேரில் கொடுத்தால் நகலில் முத்திரையும் தேதியும் வாங்குங்கள். இல்லையென்றால் விரைவு அஞ்சலில் அனுப்பி, சேர்ந்துவிட்டது என்று காட்டும் பக்கத்தைச் சேமித்துக்கொள்ளுங்கள். கூடவே மின்னஞ்சலும் அனுப்பலாம்.

ஒரே வகுப்பில் இருபது பேருக்கு இதே பிரச்சினை என்றால் சேர்ந்தே மனுக் கொடுக்கலாம். ஒவ்வொருவரின் பதிவு எண், பாடக் குறியீடு, விண்ணப்ப எண், அவசரத்துக்கான காரணம் ஆகியவற்றை ஓர் அட்டவணையாக இணைத்துவிடுங்கள்.

படி 3: மாணவர் குறைதீர் குழு

பல்கலைக்கழக மானியக் குழு, அதாவது யு.ஜி.சி., 2023 ஏப்ரலில் மாணவர் குறைதீர்ப்பு விதிமுறைகளை வெளியிட்டது. அதன்படி கல்வி நிறுவனங்களில் மாணவர் குறைதீர் குழு இருக்க வேண்டும். இணையத்தில் புகார் தரவும் வசதி செய்ய வேண்டும். குழு பொதுவாக 15 வேலை நாட்களுக்குள் தன் பரிந்துரையை அறிக்கையாகத் தந்து, புகார் தந்த மாணவருக்கும் நகல் கொடுக்க வேண்டும்.

அந்த முடிவு திருப்தி இல்லை என்றால், அது கிடைத்த 15 நாளுக்குள் பல்கலைக்கழகத்தின் குறைதீர்ப்பாளரிடம் மேல்முறையீடு செய்யலாம். இணையதளங்களில் 'ஆம்பட்ஸ்பெர்சன்' என்ற பெயரில் இவரைத் தேடுங்கள். மேல்முறையீட்டை 30 நாளுக்குள் தீர்க்க அவர் எல்லா முயற்சியும் எடுக்க வேண்டும் என்கிறது விதிமுறை.

இந்த விதிமுறையிலும் அதே பிரிவினை இருக்கிறது. கல்வி நாட்காட்டியில் குறித்த காலத்தைத் தாண்டித் தேர்வு நடத்துவதும் முடிவை வெளியிடுவதும் 'குறை' என்ற பட்டியலில் நேரடியாகச் சொல்லப்பட்டிருக்கின்றன. மறுமதிப்பீட்டு முடிவும் ஒரு தேர்வு முடிவுதான் என்று உங்கள் புகாரில் எழுதலாம். அதே சமயம், விடைத்தாளை மறுபடி திருத்தச் சொல்லும் விண்ணப்பத்தைக் குறைதீர்ப்பாளர் ஏற்கக் கூடாது என்கிறது விதிமுறை. முடிவையே பாதிக்கும் குறிப்பிட்ட முறைகேட்டையோ பாகுபாட்டையோ சுட்டிக்காட்டினால் மட்டும் விதிவிலக்கு. மார்க்குக்குக் கதவு குறுகல், தாமதத்துக்குக் கதவு திறப்பு என்ற கணக்கு இங்கேயும் மாறவில்லை.

மாநில அரசுப் பல்கலைக்கழகம் என்றால் 'முதல்வரின் முகவரி' உதவி மையத்தின் 1100 என்ற எண்ணிலும் குறையைப் பதிவு செய்யலாம். மனு எண்ணைக் குறித்துக்கொள்ளுங்கள். அதுவும் உங்கள் ஃபோல்டரில் ஒரு தாள்.

படி 4: தகவல் உரிமைச் சட்டம்

திருத்திய விடைத்தாள் தகவல் உரிமைச் சட்டத்தின்படி 'தகவல்'தான் என்று உச்ச நீதிமன்றம் 2011 ஆகஸ்ட் 9 அன்று, சி.பி.எஸ்.இ. தொடர்பான வழக்கில் தீர்ப்பளித்தது. தேர்வு எழுதியவர் தன் தாளைப் பார்க்கவும் நகல் பெறவும் உரிமை உண்டு. திருத்தியவரின் பெயர், கையெழுத்து போன்றவற்றை மட்டும் மறைத்துவிட்டுத் தருவார்கள். 2019-ல் வந்த இன்னொரு தீர்ப்பு, நகல் கேட்டு நிறுவனத்தின் வழியிலும் போகலாம், தகவல் உரிமைச் சட்டத்தின் வழியிலும் போகலாம் என்றது. சட்டத்தின் வழியில் கேட்டால் அந்தச் சட்டத்துக்கு உரிய கட்டணமே பொருந்தும். தமிழ்நாட்டில் விண்ணப்பக் கட்டணம் 10 ரூபாய், நகலுக்குப் பக்கத்துக்கு 2 ரூபாய்.

கவனிக்க வேண்டியது ஒன்று உண்டு. விடைத்தாள்களைக் குறிப்பிட்ட காலம் வரைதான் வைத்திருப்பார்கள், அதன் பிறகு அழித்துவிடுவார்கள். தாள் இல்லாத பிறகு உரிமை இருந்தும் பயன் இல்லை. ஆகவே தாமதிக்காமல் விண்ணப்பியுங்கள்.

இதே சட்டத்தில் தாமதத்தைப் பற்றியும் கேட்கலாம். பொதுத் தகவல் அலுவலருக்கு மூன்று கேள்வி போதும்:

• மறுமதிப்பீட்டு முடிவை எத்தனை நாளுக்குள் வெளியிட வேண்டும் என்ற விதியின் நகல்
• என் விடைத்தாள் எந்தத் தேதியில் மறுமதிப்பீட்டாளருக்கு அனுப்பப்பட்டது, எந்தத் தேதியில் திரும்பியது
• இந்தத் தேர்வில் மறுமதிப்பீட்டுக்கு விண்ணப்பித்தவர்கள் எத்தனை பேர், முடிவு வெளியானவர்கள் எத்தனை பேர்

பதில் தர 30 நாள் அவகாசம் உண்டு. வரவில்லை என்றால் முதல் மேல்முறையீடு. கிடைக்கும் பதில் உங்கள் ரிட் மனுவுக்கு முதுகெலும்பாக இருக்கும். "தாள் மே மாதமே திரும்பிவிட்டது" என்று அவர்களே எழுதித் தந்தால், ஆகஸ்ட் வரை ஏன் வெளியிடவில்லை என்பதற்கு அவர்கள்தான் பதில் சொல்ல வேண்டும்.

எப்போது நேராக நீதிமன்றம்?

படி மூன்றும் நான்கும் முடிய இரண்டு மாதம்கூட ஆகலாம். சேர்க்கைக்கு மூன்று வாரம்தான் இருக்கிறது என்றால் அவ்வளவு நாள் காத்திருக்க முடியாது. வேறு வழி இருப்பது ரிட் மனுவுக்கு முழுத் தடை இல்லை என்று உச்ச நீதிமன்றம் பலமுறை சொல்லியிருக்கிறது. ஏன் காத்திருக்க முடியவில்லை என்பதை ஆதாரத்தோடு காட்டினால் போதும். ஆனால் படி ஒன்றையும் இரண்டையும் எந்த அவசரத்திலும் தாண்டாதீர்கள்.

உதாரணத்துக்கு ஒரு கணக்கு. ஜூன் 5-ல் ரிசல்ட். ஜூன் 15-ல் மறுமதிப்பீட்டுக்குக் கட்டணம். அறிவிப்பின்படி முடிவு ஜூலை 15-க்குள் வர வேண்டும். முதுகலைச் சேர்க்கைக்குக் கடைசி நாள் ஆகஸ்ட் 14. இந்த மாணவி ஜூலை 16 அன்றே மனுக் கொடுக்க வேண்டும். அதோடு குறைதீர் குழுவிலும் பதிவு செய்துவிட வேண்டும். ஜூலை 25 வரை பதில் இல்லை என்றால் வழக்கறிஞரைப் பார்க்கும் நேரம் வந்துவிட்டது. ஆகஸ்ட் 12 அன்று ஓடினால், மனு பட்டியலில் வருவதற்குள் இடம் போயிருக்கும். பல்கலைக்கழகம் தாமதித்தது என்று சொல்லப் போகிறவர் தானே தாமதிக்கக் கூடாது.

நீதிமன்றத்தில் என்ன கேட்கலாம்?

எங்கே: சென்னை உயர் நீதிமன்றம். மதுரை, திருநெல்வேலி, திருச்சி, தஞ்சாவூர் உள்ளிட்ட மாவட்டங்களுக்கு, 2004 முதல் இயங்கும் மதுரைக் கிளை. உங்கள் வழக்கு எந்தப் பக்கம் வரும் என்பதை வழக்கறிஞர் சொல்வார்.

இறுதியாகக் கேட்பது: மறுமதிப்பீட்டை முடித்துக் குறிப்பிட்ட நாளுக்குள் முடிவை வெளியிட உத்தரவு.

இடைக்காலமாகக் கேட்பது: இதுதான் பல நேரம் மாணவரைக் காப்பாற்றும். முடிவு வரும் வரை சேர்க்கையில் தற்காலிகமாக இடம் தர வேண்டும், அல்லது அடுத்த தேர்வைத் தற்காலிகமாக எழுத விட வேண்டும் என்று கேட்கலாம். சேர்க்கை தரப்போகும் கல்லூரியையும் வழக்கில் சேர்த்தால்தான் அதற்கு எதிராக உத்தரவு கேட்க முடியும். இடைக்கால உத்தரவில் கிடைத்த இடம் நிரந்தரம் ஆகிவிடாது, இறுதி முடிவுக்குக் கட்டுப்பட்டது. மறுமதிப்பீட்டிலும் தேர்ச்சி இல்லை என்றால் அந்த இடம் நிற்காது.

இப்படிப்பட்ட வழக்குகளில் அடிக்கடி வரும் உத்தரவு, "மனுதாரரின் மனுவை இத்தனை வாரத்துக்குள் பரிசீலித்து முடிவெடுக்க வேண்டும்" என்பது. 'மார்க் போடு' என்று சொல்லவில்லையே என்று சோர்ந்துபோக வேண்டாம். இதுவரை முடிவில்லாமல் நீண்ட வேலைக்கு இப்போது ஒரு தேதி விழுந்துவிட்டது. உத்தரவின் சான்றிட்ட நகலை வாங்கி உடனே பல்கலைக்கழகத்துக்கு அனுப்புங்கள். நாட்கள் பெரும்பாலும் நகல் கிடைத்த தேதியிலிருந்துதான் எண்ணப்படும். தேதி தாண்டியும் வேண்டுமென்றே செய்யவில்லை என்றால் நீதிமன்ற அவமதிப்பு மனு போடலாம். அதற்கு ஓராண்டுக் கால வரம்பு உண்டு.

வழக்கின் நிலையை 'இ-கோர்ட்ஸ் சர்வீசஸ்' செயலியில் நீங்களே பார்த்துக்கொள்ளலாம். ஒவ்வொரு முறையும் வழக்கறிஞருக்குப் போன் போட வேண்டியதில்லை.

பணம் இல்லையே?

சட்டப்பணிகள் ஆணைக்குழுக்கள் சட்டம், 1987-ன்படி பெண்கள், பட்டியல் சாதியினர், பழங்குடியினர், மாற்றுத்திறனாளிகள் ஆகியோர் இலவச சட்ட உதவி கேட்கலாம். இவர்களுக்கு வருமான வரம்பு பார்ப்பதில்லை. மற்றவர்கள் வருமான வரம்புக்குள் இருந்தால் கேட்கலாம். மாவட்ட நீதிமன்ற வளாகத்தில் மாவட்ட சட்டப்பணிகள் ஆணைக்குழு அலுவலகம் இருக்கும். உயர் நீதிமன்ற வழக்குகளுக்கு உயர் நீதிமன்ற சட்டப்பணிகள் குழு இருக்கிறது. உதவி எண் 15100. முதல் தலைமுறைப் பட்டதாரி ஆகப்போகிற ஒரு பெண், வழக்கறிஞர் கட்டணத்துக்குப் பயந்து ஓர் ஆண்டை இழக்க வேண்டியதில்லை.

தட்டக் கூடாத கதவுகள்

"ஃபீஸ் கட்டியிருக்கேன், சேவையில் குறைபாடு. கன்ஸ்யூமர் கோர்ட்டுக்குப் போலாமே?" இந்த யோசனையை நிறையப் பேர் சொல்வார்கள். 2009-ல் பீகார் பள்ளித் தேர்வு வாரிய வழக்கில் உச்ச நீதிமன்றம் இதற்குப் பதில் சொல்லிவிட்டது. ஒரே பதிவு எண் இரண்டு பேருக்குத் தரப்பட்டு, ஒரு மாணவரின் முடிவு வராமல் போன வழக்கு அது. தேர்வு நடத்துவதும் முடிவு வெளியிடுவதும் வாரியத்தின் சட்டக் கடமை, அது விற்கப்படும் சேவை அல்ல, மாணவர் நுகர்வோர் அல்ல என்று தீர்ப்பானது. நுகர்வோர் ஆணையத்தில் மாதங்களைக் கரைக்க வேண்டாம்.

"பல்கலைக்கழகத்துல ஆள் இருக்கு, பணம் குடுத்தா சீக்கிரம் முடிச்சுத் தருவார்" என்று வருபவரை வாசலிலேயே நிறுத்துங்கள். பணம் போவது மட்டும் அல்ல, நேர்மையாக வர வேண்டிய உங்கள் மதிப்பெண்ணும் சந்தேகத்துக்கு உள்ளாகும்.

விடைத்தாள் நகலைச் சமூக ஊடகத்தில் போட்டு நியாயம் கேட்பதும் வேண்டாம். அதில் உங்கள் பதிவு எண் இருக்கிறது.

அரியர் கட்டணத்தைக் கட்டிவிடுங்கள்

வழக்குப் போட்டாலும் போடாவிட்டாலும், மறுமதிப்பீட்டை மட்டும் நம்பி அரியர் தேர்வுக் கட்டணத்தைக் கட்டாமல் விடாதீர்கள். சில நூறு ரூபாய்க்காக ஆறு மாதம் தள்ளிப்போகும். நாளை மறுமதிப்பீட்டில் பாஸ் என்று வந்தால் மகிழ்ச்சி. வரவில்லை என்றால் ஹால் டிக்கெட் கையில் இருக்கும்.

முடிவு வரும் தேதி உங்கள் கையில் இல்லை. விண்ணப்பித்த தேதி, மனுக் கொடுத்த தேதி, நினைவூட்டிய தேதி மூன்றும் உங்கள் கையில் இருக்கின்றன. மறுமதிப்பீட்டுக்குப் பணம் கட்டியிருந்தால், இன்றைக்கே அந்த ஃபோல்டரைத் திறந்து முதல் ரசீதை உள்ளே போட்டுவிடுங்கள்.